புதுப்பிப்பு: மோகினியாட்ட வழக்கு என்ன ஆயிற்று?

போன மாதம் எழுதியிருந்தேன்: கேரளப் பள்ளி மாணவர்களின் கலைவிழாவான கலோத்சவத்தின் மாவட்டப் போட்டியில் அண்ணன் மகள் ஆடிக்கொண்டிருந்தபோது பாட்டு பாதியில் நின்றது, இரண்டாம் இடம்தான் கிடைத்தது, மேல்முறையீடும் தள்ளுபடி, வழக்குத் தொடுக்கப்போகிறோம் என்று.

தொடுத்தோம். தோற்றோம்.

கை முத்திரையும் முகபாவமும் சரியா என்று நடுவருக்கு மேல் நடுவராக நீதிமன்றம் உட்காராது. பாரபட்சம் அல்லது விதிமீறல் இருந்ததைக் காட்ட வேண்டும். எங்களிடம் இருந்தது வருத்தமும் கைப்பேசிக் காணொளியும் மட்டுமே. பாட்டு நின்றவுடனேயே மேடைப் பொறுப்பாளரிடம் எழுத்தில் புகார் கொடுத்திருந்தால் கதை வேறாக இருந்திருக்கலாம் என்றார் வழக்கறிஞர். இதை முன்பே யார் சொன்னார்கள்?

‘ஒரு நடனத்துக்கு வழக்கா?’ என்று பலர் கேட்டிருந்தீர்கள். மாவட்டத்தில் முதலிடம் பெற்றவர்தான் மாநிலப் போட்டிக்குப் போக முடியும். அங்கே கிடைக்கும் கிரேடுக்குப் பள்ளித் தேர்வில் கருணை மதிப்பெண் (கூடுதல் மதிப்பெண்) உண்டு. 1957இல் எர்ணாகுளத்தில் சிறிதாகத் தொடங்கிய விழா, இன்று 117.5 பவுன் தங்கக் கோப்பைக்காக மாவட்டங்கள் மோதும் களம். வழக்குகள் பெருகியதில் வியப்பில்லை.

முதலிடம் பெறாமல் மேல்முறையீடு வழியாக மாநிலப் போட்டிக்கு வருபவர், தன்னை முந்திய மாவட்ட வெற்றியாளரைவிட அங்கே கூடுதல் மதிப்பெண் பெற்றால்தான் கட்டிய வைப்புத்தொகை திரும்பும். அந்தக் கவலை எங்களுக்கு இல்லாமல் போயிற்று.

அவள் நேற்று மறுபடி சலங்கை கட்டினாள். அண்ணன்தான் இன்னும் தீர்ப்பு நகலைப் புரட்டிக்கொண்டிருக்கிறார்.