போர்ட்டேஜுக்கு ஒரு தமிழ்ச்சொல்

பொருள்: போர்ட்டேஜ் - தமிழில் என்ன சொல்லலாம்?

குழுவினருக்கு வணக்கம்.

சாமுவேல் த ஷாம்ப்ளேனின் வாழ்க்கையைப் பள்ளிப் பிள்ளைகள் படிக்கிற மாதிரி எழுதிக்கொண்டிருக்கிறேன். 1608 ஜூலை 3 அன்று கியூபெக்கை நிறுவிய பிரெஞ்சுக்காரர். அட்லாண்டிக்கை இருபது தடவைக்கு மேல் கடந்தவர். கடல் சம்பந்தப்பட்ட சொற்களில் எனக்குச் சிக்கலே வரவில்லை. பாய், சுக்கான், நங்கூரம், ஆழம் பார்க்கும் குண்டு எல்லாம் நம்மிடம் இருக்கின்றன. கப்பலை விட்டு அவர் ஆற்றுக்குள் ஏறினார் பாருங்கள், அங்கேதான், ஓடத்தைத் தூக்கிக்கொண்டு நிலத்தில் நடப்பதைக் குறிக்கிற போர்ட்டேஜ் என்ற சொல்லில் மாட்டிக்கொண்டேன்.

1603-இல் முதல் தடவையாக செயின்ட் லாரன்ஸ் ஆற்றில் மேலே போகிறார். இன்றைய மான்ட்ரியல் அருகே ஆறு பாறைகளில் இறங்கித் துள்ளுகிறது. (இப்படிப்பட்ட இடத்துக்கு இப்போதைக்கு 'வேக ஓட்டம்' என்று வைத்திருக்கிறேன். அதற்குத் தனி மடல் போட வேண்டும்.) அவர் கொண்டுபோன படகு அதற்கு மேல் நகரவில்லை. ஆனால் அந்த நாட்டு மக்களின் ஓடம் பிர்ச் மரப்பட்டையில் செய்தது. வேரால் தைத்து, பிசினால் இடுக்கு அடைத்தது. வேக ஓட்டம் வந்தால் ஓடத்தைக் கரையேற்றித் தோளில் வைத்து, காட்டுக்குள் நடந்து, மேலே அமைதியான தண்ணீரில் மறுபடி இறக்கிவிடுவார்கள். இந்த ஓடங்கள் இல்லாமல் இந்த நாட்டுக்குள் போக முடியாது என்று ஷாம்ப்ளேன் அந்தப் பயணத்திலேயே புரிந்துகொண்டார். இந்த வேலைக்குத்தான் பிரெஞ்சில் போர்ட்டேஜ். ஆங்கிலமும் அதையே எடுத்துக்கொண்டது.

சிக்கல் என்னவென்றால், தூக்கிப் போகிற வேலையும் போர்ட்டேஜ், தூக்கிப் போகிற பாதையும் போர்ட்டேஜ். இரண்டாவது பொருளை விட்டுவிட முடியாது. தான் பார்க்காத பெரிய ஏரிகளைப் பற்றி அதே 1603-இல் அங்குள்ளவர்களிடம் கேட்டு எழுதிக்கொள்கிறார். அவர்கள் சொல்கிற வழி எப்படி இருக்கிறது என்றால், இத்தனை வேக ஓட்டம், அப்புறம் ஓர் ஏரி, எந்த ஓட்டத்தில் ஓடத்தைத் தூக்க வேண்டும், எதில் தண்ணீரிலேயே இழுத்துக்கொண்டு போகலாம் என்று. நாம் 'மூணாவது ஸ்டாப்பில் இறங்கு' என்று சொல்வதுபோல. ஆகவே வரைபடத்தில் பெயராகவும் நிற்க வேண்டும், வாக்கியத்தில் வினையாகவும் ஓட வேண்டும். அப்படி ஒரு வேர் வேண்டும்.

நான் முயன்றவை: 'ஓடச்சுமப்பு'. யார் யாரைச் சுமக்கிறார்கள் என்று தெரியவில்லை, ஓடம்தானே நம்மைச் சுமக்கும். 'நிலவழிப் படகுப் பெயர்ச்சி'. எழுதிவிட்டு நானே சிரித்தேன், அரசாணை மாதிரி இருக்கிறது.

போன மாதம் ஒகேனக்கல் போயிருந்தேன். அங்கே பரிசலைக் கவிழ்த்துத் தலைமேல் குடை மாதிரி பிடித்துக்கொண்டு பாறைமேல் நடக்கிறார்கள். முகம் தெரியாது, பரிசலுக்குக் கீழே இரண்டு கால் மட்டும் போகும். இவர்களிடம் ஒரு சொல் கட்டாயம் இருக்கும் என்று ஓடிப்போய் ஒரு பெரியவரிடம், 'இதுக்கு என்னங்க பேரு?' என்று கேட்டேன். 'தூக்கிட்டுப் போறதுதான்' என்றார். என் கேள்வி அவருக்கு விளங்கவேயில்லை.

யாரிடமாவது நல்ல சொல் இருந்தால் கொடுங்கள்.

* * *

பொருள்: மறு: போர்ட்டேஜ் - தமிழில் என்ன சொல்லலாம்?

தம்பி, ரொறன்ரோவிலிருந்து எழுதுகிறேன். நீங்கள் தேடும் சொல் எங்கள் அம்மாவின் வாயில் ஒரு நாளைக்குப் பத்துத் தரம் வந்த சொல். காவுதல்.

யாழ்ப்பாணத்தில் தூக்குவது வேறு, காவுவது வேறு. ஒரு பெட்டியைத் தூக்கி அதே இடத்தில் வைத்துவிடலாம். காவுவது என்றால் இங்கேயிருந்து அங்கே கொண்டுபோக வேண்டும். கிணற்றடியிலிருந்து குடத்தைக் காவுவோம், பிள்ளையைக் காவிக்கொண்டு கோயிலுக்குப் போவோம், கடைசியில் நாலு பேர் எங்களைக் காவிக்கொண்டு போவார்கள். உங்கள் ஒகேனக்கல் பெரியவர் 'தூக்கிட்டுப் போறது' என்று இரண்டு வினையாகச் சொன்னதை நாங்கள் ஒன்றாகச் சொல்கிறோம். டெங்கு நுளம்பை எங்கள் பாடப்புத்தகம் நோய்க்காவி என்றுதான் எழுதும்.

வட்டார வழக்கு என்று தள்ளிவிட வேண்டாம். காவடியில் இருப்பதும் இந்தக் கா தான். தோளில் போட்டுச் சுமை கொண்டுபோகும் தண்டுக்குக் கா என்று பெயர், காவுதடி என்றும் சொல்வார்கள். புறநானூறு 206-ஆம் பாட்டில் ஔவையார் அதியமான் வாசலில் காத்திருந்து சலித்துக் கிளம்பும்போது 'காவினெம் கலனே' என்கிறார். அங்கே கலன் பாணர்களுடைய கருவிகள், ஓடம் இல்லை. ஆனாலும் கலம் என்றால் மரக்கலமும்தானே? அந்த இரண்டு சொல்லையும் ஷாம்ப்ளேன் காலத்து வழிகாட்டி ஒருவன் வாயில் வைத்துப் பார்த்து நான் தனியே இருந்து சிரித்தேன்.

இன்னொன்று. நாங்கள் இருக்கும் இந்த நகரமே ஒரு போர்ட்டேஜின் கால்மாட்டில்தான் இருக்கிறது. ஹம்பர் ஆற்றின் வாயிலிருந்து சிம்கோ ஏரிப் பக்கம் போகும் பழைய நடைபாதை, கிட்டத்தட்ட 45 கிலோமீற்றர். ஆங்கிலத்தில் அதற்கு 'ரொறன்ரோ கரியிங் பிளேஸ்' என்றே பெயர். அதன் கிழக்குக் கிளை ரூஜ் ஆற்றோடு போனது. அந்த ரூஜ் ஆறு ஸ்காபரோவின் ஓரத்தில் ஓடுகிறது. எங்கள் சனம் முருங்கைக்காய் வாங்கும் கடைகளிலிருந்து காரில் கொஞ்ச நேரம்தான்.

ஷாம்ப்ளேனையே ஒருமுறை காவினார்கள், அதையும் விட்டுவிடாதீர்கள். 1615-இல் வெண்டாட் மக்களோடு சேர்ந்து ஒனொண்டாகா கோட்டையைத் தாக்கப் போய், காலில் ஓர் அம்பும் முழங்காலில் ஓர் அம்பும் வாங்கினார். நடக்க முடியவில்லை. ஒரு கூடைக்குள் வைத்து, குழந்தையைத் துணியில் சுற்றுவதுபோல அசையாமல் கட்டி, ஒருவர் முதுகில் ஏற்றிப் பல நாள் கொண்டுபோனார்கள். அந்த வேதனையை நரகம் என்று எழுதியிருக்கிறார். ஓடத்தைக் காவியவர்களே ஆளையும் காவினார்கள் என்று எழுதுங்கள், ஒரே வினை போதும்.

பாதைக்குக் காவுதடம் என்று வைக்கலாம். காவுதடி இருக்கும்போது காவுதடம் அந்நியமாகத் தெரியாது.

* * *

பொருள்: மறு: மறு: போர்ட்டேஜ் - தமிழில் என்ன சொல்லலாம்?

> நீங்கள் தேடும் சொல் எங்கள் அம்மாவின் வாயில்

ஐயாவின் சொல் அழகாக இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் இங்கே காவு என்றால் பலி. காளிக்குக் காவு கொடுப்பார்கள். 'லாரி மோதி மூன்று உயிர்களைக் காவு வாங்கியது' என்று செய்தித்தாளில் வாரம் ஒரு தடவை படிக்கிறோம். நான் குமரி மாவட்டத்துக்காரன், எங்களுக்குக் காவு என்றால் பாம்புக்காவு, மரமும் நாகர் சிலையும் நினைவுக்கு வரும். 'ஓடக்காவு' என்று தலைப்புப் போட்டால் ஓடம் கவிழ்ந்து செத்தவர்கள் கதை என்று பிள்ளை நினைக்கும்.

என் யோசனை: துறைமாற்று. ஒரு துறையில் கரையேறி இன்னொரு துறையில் இறங்குகிறார்கள். தூக்குவது தோளிலா தலையிலா என்ற கேள்வியே வராது. தூக்குத்துறை என்றும் யோசித்தேன், அதில் தூக்குமரம் தெரிகிறது, விட்டுவிட்டேன்.

இன்னொரு சொல்லும் உங்களுக்கு வேண்டியிருக்கும். ஷாம்ப்ளேனுக்குப் பிந்திய தோல் வணிகக் காலத்தில் ஓடக்காரர்கள் ஆளுக்கு இரண்டு மூட்டை, மூட்டை ஒன்று சுமார் 41 கிலோ, நெற்றியில் வார் போட்டுச் சுமந்தார்கள். மலையகத்தில் கொழுந்துக் கூடைக்குத் தலையில் கயிறு போடுவார்களே, ஏறக்குறைய அப்படி. மூட்டையைக் கொஞ்ச தூரத்தில் இறக்கிவிட்டுத் திரும்பி வந்து அடுத்ததை எடுப்பார்கள். அப்படி இறக்கும் இடத்துக்குப் பிரெஞ்சில் போஸ் என்று பெயர். இந்தப் பாதை எத்தனை போஸ் நீளம் என்றுதான் கணக்குச் சொல்வார்கள். இதற்கு நாம் மெனக்கெட வேண்டாம், சுமைதாங்கி இருக்கிறது. நம் சாலையோரச் சுமைதாங்கி கல்லில் நட்டது, அங்கே காட்டில் வெறும் தரை, அவ்வளவுதான் வித்தியாசம். 'ஆறு சுமைதாங்கித் தூரம்' என்று எழுதிப் பாருங்கள், அங்கே நடந்தவர் மூச்சு வாங்குவது கேட்கும்.

* * *

பொருள்: மறு: மறு: மறு: போர்ட்டேஜ் - காவுதடம்?

இருவருக்கும் நன்றி. சுமைதாங்கியை மறுபேச்சில்லாமல் எடுத்துக்கொண்டேன்.

துறைமாற்று பற்றி: நேற்று வீட்டில் சொல்லிப் பார்த்தேன். அரசு வேலையில் இருக்கும் என் அக்கா, 'யாருக்கு, எந்தத் துறைக்கு மாற்றல்?' என்று கேட்டார். அதோடு அது போயிற்று. அது போனதற்கு வேறு காரணமும் உண்டு. துறைமாற்றில் மனிதன் இல்லை. ஓடம் தானாக மாறிக்கொள்வதுபோல் இருக்கிறது. இந்த வாழ்க்கைக் கதையில் எனக்கு முக்கியமாகப் படுவது ஷாம்ப்ளேன் வரைந்த வரைபடங்களுக்குக் கீழே இருக்கிற தோள்கள்தான். 1605-இல் ஆன் முனையில் (இன்றைய அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் கரை) அவர் தான் பார்த்த கரையைக் கரித்துண்டால் வரைந்து காட்டினார். அங்கிருந்தவர்கள் அதே கரியை வாங்கி, அவர் இன்னும் பார்க்காத விரிகுடாவை நீட்டி வரைந்து, ஆறு கூழாங்கற்களை இடைவெளி விட்டு வைத்தார்கள். இங்கே ஆறு தலைவர்களின் மக்கள் இருக்கிறார்கள் என்று அர்த்தம். வழி அவர்களுடையது, சுமந்ததும் பெரும்பாலும் அவர்கள். சொல் அந்தத் தோளைக் காட்ட வேண்டும்.

பலிப் பொருள் இருப்பது உண்மைதான். ஆனால் அது 'காவு' என்று பெயராகத் தனித்து நிற்கும்போதும், கொடு, வாங்கு, கொள் ஆகிய வினைகளோடு வரும்போதும்தான். காவினார்கள், காவிச் சென்றார்கள் என்று வினையாக ஓடினால் யாருக்கும் ஆடு நினைவுக்கு வராது. எனவே வேலைக்கு 'காவுதல்', பாதைக்கு 'காவுதடம்'. தனியாக 'காவு' என்று ஓரிடத்திலும் எழுதப்போவதில்லை, 'ஓடக்காவு' கூடவே கூடாது. முதல் தடவை வரும்போது 'தோளில் தூக்கிக் கொண்டுபோவதுதான் காவுவது' என்று ஒரு வரி சேர்த்துவிடுகிறேன், தமிழ்நாட்டுப் பிள்ளைக்கு அது போதும்.

சொல்லை வாக்கியத்தில் வைத்துப் பார்க்காமல் முடிவு செய்யக்கூடாது என்பது என் வழக்கம். 1613 பயணப் பகுதியில் வைத்து எழுதியதைக் கீழே ஒட்டுகிறேன்:

'வடகடலைப் பார்த்துவிட்டு வந்தேன் என்று வின்யோ என்ற இளைஞன் சொன்னதை நம்பி, இரண்டு ஓடங்கள், நான்கு பிரெஞ்சுக்காரர்கள், ஒரு வழிகாட்டி என்று ஷாம்ப்ளேன் ஒட்டாவா ஆற்றில் ஏறினார். லாங் சூ என்ற வேக ஓட்டத்தில் கரைக்காடு அடர்த்தியாக இருந்ததால் ஓடத்தைக் காவ வழியில்லை. கயிறு கட்டித் தண்ணீரிலேயே இழுத்தார்கள். ஷாம்ப்ளேன் கயிற்றைக் கையில் சுற்றியிருந்தார். ஓடம் சுழியில் சிக்கித் திரும்பியது. அவர் இரண்டு பாறைகளுக்கு நடுவே விழுந்தார், அதனால் பிழைத்தார். கயிறு இறுக்கியதில் கையே போகப் பார்த்தது.

மேலே போகப் போக ஆறு இன்னும் மோசமானது. அதைத் தவிர்க்க, சின்னச் சின்ன ஏரிகள் வழியாகப் போனார்கள். ஏரிக்கும் ஏரிக்கும் நடுவே காவுதடம். ஷாம்ப்ளேன் மூன்று துப்பாக்கி, மூன்று துடுப்பு, தன் மேலங்கி, இன்னும் சில சில்லறைச் சாமான்களைக் காவினார். மற்றவர்களுக்குச் சுமை இன்னும் அதிகம். ஆனால் சுமையைவிடக் கொசுதான் அவர்களைப் பாடுபடுத்தியது. 1867-இல் இந்தக் காவுதடத்தின் அருகே 14 வயதுப் பையன் ஒருவன் நிலம் திருத்தும்போது 1603 என்று பொறித்த பித்தளை அஸ்ட்ரோலேப் (சூரியன், நட்சத்திரங்களின் உயரத்தை அளக்கும் கருவி) ஒன்றைக் கண்டெடுத்தான். ஷாம்ப்ளேன் தொலைத்ததுதான் அது என்று சிலர் சொல்கிறார்கள், சிலர் ஒப்பவில்லை. ஒட்டாவாவில் அவருக்கு வைத்த சிலையில் அந்தக் கருவி தலைகீழாக இருக்கிறது.

ஏரிக்கரையில் நிபாஷிஸ் என்ற தலைவரின் ஊர். சோளம் விளைந்துகொண்டிருந்தது. இங்கேயே பிறந்து வளர்ந்தவர்களே அந்தக் காவுதடங்களைக் கடக்கப் பாடுபடும்போது, இவர்கள் எப்படி வந்து சேர்ந்தார்கள்? மேகத்திலிருந்துதான் விழுந்திருக்க வேண்டும் என்றார் நிபாஷிஸ்.'

(வின்யோ சொன்னது பொய் என்று அடுத்த ஊரில் தலைவர் தெசுவாட் முன்னால் அம்பலமாகிறது. அது அடுத்த அத்தியாயம்.)

'காவ வழியில்லை' என்பது மட்டும் கண்ணுக்குக் கொஞ்சம் உறுத்துகிறது. 'காவிச் செல்ல' என்று மாற்றட்டுமா, ஐயா? அஸ்ட்ரோலேபை இப்போதைக்கு அப்படியே விட்டிருக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை அச்சுக்குப் போகிறது, அதற்குள் சொல்லுங்கள்.