தாத்தா சொல்லி நான் தெரிஞ்சுக்கிட்ட கார்மெல் புசுட்டில்

நேர்ல பாத்த பிளேயர்ஸ பத்தி எல்லாரும் எழுதுறீங்க. நான் எழுதப் போற மால்டா ஃபுட்பால் பிளேயர் கார்மெல் புசுட்டில நேர்ல பாத்ததில்ல, ஆனா இவர் கூடவே வளந்த மாதிரி பேசுற ஒருத்தர தினமும் பாக்குறேன், அதனால எழுதுறேன்.

மால்டாவுல ரபாத்ங்கிற ஊர்ல ஒரு வயசானவர வீட்டோட இருந்து பாத்துக்குற வேல எனக்கு. தாத்தான்னுதான் கூப்பிடுவேன், அவருக்கும் அந்த வார்த்த பழகிடுச்சு. சாயங்காலம் வீல்சேர்ல தள்ளிட்டுப் போயி கண்ணாடி கிளாஸ்ல பால் டீயும் சூடா ஒரு பஸ்தீட்சியும் (நம்ம பஃப்ஸ் மாதிரி) வாங்கிக் குடுத்தா போதும், ஃபுட்பால் கத ஆரம்பிச்சுடும். பட்டாணி வச்சதுதான் சாப்புடுவார், சீஸ் வச்சது வேணாம்பார்.

கதையில எப்பவும் ஒரே ஹீரோ, கார்மெல் புசுட்டில். இங்க எல்லாருக்கும் அவர் ‘புஸு’ தான். 1964 பிப்ரவரி 29ல பொறந்தவர், இதே ரபாத் ஊர்க்காரர். ரபாத் அஜாக்ஸ் டீம் 1985லயும் 86லயும் வரிசையா மால்டா லீக் ஜெயிச்சப்ப அதுல இருந்தவர். அந்த கிளப்போட லீக் பட்டம் மொத்தமே அந்த ரெண்டுதான், அதனால இந்த ஊர் பெருசுங்க அந்த காலத்த பத்தி பேசினா நிறுத்தவே மாட்டாங்க.

தாத்தா அடிக்கடி சொல்றது 1988 டிசம்பர் 11, ஞாயித்துக்கெழம. வேர்ல்ட் கப் குவாலிஃபையர், தா அலி ஸ்டேடியம், எதிர்ல ஹங்கேரி. ரெண்டு வருஷம் முன்னாடிதான் வேர்ல்ட் கப் ஆடிட்டு வந்த டீம் அது. மால்டா 1-2ன்னு பின்னாடி இருக்கு, மேட்ச் முடியப் போகுது, பக்கத்துல இருந்தவங்க எழுந்திரிச்சு கெளம்ப ஆரம்பிச்சுட்டாங்களாம், தாத்தாவும் கோட்ட மாட்டிக்கிட்டாராம், அப்பதான் கடைசி நிமிஷத்துல புஸு ரெண்டாவது கோல போட்டு 2-2 ஆக்கிட்டார். மொத கோலும் அவர்தான். இத சொல்லும்போது தாத்தா என் கைய இறுக்கிப் புடிச்சுக்குவார், அவரோட பக்கவாதம் வந்த கை அது, பிசியோகாரங்க அமுக்குங்கன்னு சொன்னா கூட அவ்வளவு அமுக்கினதில்ல.

நாலு மாசம் கழிச்சு புடாபெஸ்ட்ல திரும்ப 1-1, அங்கயும் புஸு கோல். அந்த குவாலிஃபையர்ல மால்டா ஆடினது 8 மேட்ச், போட்டது 3 கோல், மூணும் இவரோடது. எடுத்த ரெண்டு பாயின்ட்டும் இந்த ரெண்டு டிராவுலதான். ஜெயிச்சதே இல்லயே இதுல என்ன பெரும வேண்டிக்கெடக்குன்னு கேக்குறவங்க இருக்காங்க, எனக்கு அந்தக் கேள்வியே புடிக்கல. ஸ்பெயினும் அயர்லாந்தும் இருக்குற குரூப்ல, அன்னைக்கு மூணர லட்சம் பேர் இருந்த ஒரு தீவு. அந்தப் புள்ளிப் பட்டியல் காலியா போகாம பாத்துக்கிட்டது ஒரு ஆளு.

அப்புறம் பெல்ஜியம். 1988ல ரெண்டு பழைய கிளப்ப சேத்து கெங்க்னு புது கிளப் ஆரம்பிச்சாங்க, புஸு போனதும் அதே வருஷம். மொத சீசன்லயே கிளப் கீழ் டிவிஷனுக்கு எறங்கிடுச்சு, இவர் விட்டுட்டு ஓடி வரல, 94 வரைக்கும் அங்கயே இருந்தார், கேப்டனாவும் ஆனார். அந்தக் காலத்துல மால்டாக்காரர் ஒருத்தர் வெளிநாட்டு கிளப்ல கேப்டன்னா சும்மாவா. மால்டாவுக்கு திரும்பி வந்து ஸ்லீமா வாண்டரர்ஸ் கிளப், 96ல அங்கயும் லீக். நாட்டுக்காக 111 மேட்ச், 23 கோல். ஐரோப்பா ஃபுட்பால் அமைப்பான யூஇஎஃப்ஏ தன்னோட 50வது வருஷத்துக்கு ஒவ்வொரு நாட்டுலயும் ஒரு பிளேயர எடுக்கச் சொன்னப்ப மால்டா குடுத்த பேரு இவரோடதுதான்.

கோச்சிங் பக்கம் சத்தம் கம்மி. 2003லேர்ந்து ரெண்டு வருஷம் ஹார்ஸ்ட் ஹீஸேக்கு அசிஸ்டென்டா நேஷனல் டீம்ல இருந்தார், ஹீஸே வேற யாருமில்ல, அந்த ஹங்கேரி மேட்ச்சப்ப கோச்சா இருந்த அதே ஜெர்மன்காரர். அவங்க சேந்து இருந்தப்ப 2005ல குரோஷியாவோட 1-1, பல்கேரியாவோட 1-1. அப்புறம் சின்னப் பசங்களுக்கு ஃபுட்பால் ஸ்கூல் ஆரம்பிச்சார். தாத்தாவுக்கு இதுலதான் ஒரு வருத்தம், நேஷனல் டீம முழுசா அவர் கையில குடுத்திருக்கணும்னு. நான் அதுக்கு ஒத்துக்க மாட்டேன், எட்டு வயசுப் பையனுக்கு பந்த நிறுத்தக் கத்துக்குடுக்க அவர மாதிரி ஒரு ஆள் கெடைக்கிறது சின்ன விஷயமில்ல. இதுல எங்களுக்குள்ள தினமும் சண்டதான்.

அடுத்த மால்டா ஹோம் மேட்ச்சுக்கு தாத்தாவ தா அலிக்கு கூட்டிட்டுப் போகலாம்னு அவர் பொண்ணுகிட்ட பர்மிஷன் வாங்கிட்டேன். வீல்சேர் டிக்கெட் அங்க எப்படி புக் பண்றது, எந்த கேட் வழியா உள்ள போறது, போனவங்க யாராவது இருந்தா சொல்லுங்க ப்ளீஸ்.