மறுமொழி: ‘பார்ட்டிசிபேட்டரி ஆக்‌ஷன் ரிசர்ச்’ – தமிழ்ச் சொல் வேண்டும்

குழும உறவுகளுக்கு வணக்கம்.

சமூகப்பணி முதுகலை மாணவர்களுக்கான ஆய்வுமுறை நூல் ஒன்றைத் தமிழில் கொண்டுவரும் வேலையில் இருக்கிறேன். ‘பார்ட்டிசிபேட்டரி ஆக்‌ஷன் ரிசர்ச்’ பற்றிய அதிகாரத்தில் வேலை நின்றுவிட்டது. ஒரு சிக்கலில் இருக்கும் மக்களே ஆய்வாளரோடு சேர்ந்து அதை ஆய்ந்து, மாற்றவும் முனையும் முறை அது. ‘பங்கேற்புச் செயல் ஆராய்ச்சி’, ‘மக்கள் பங்கேற்புடன் கூடிய செயல்முறை ஆய்வு’ என இரண்டு எழுதிப் பார்த்தேன். முதலாவதில் உயிரில்லை. இரண்டாவது அரசாணைத் தலைப்புப் போல நீள்கிறது. மாணவர் வாயில் நிற்கும்படி ஒரு சொல் சொல்லுங்கள்.

— சென்னையிலிருந்து

—

வணக்கம் தம்பி.

எங்கள் பக்கத்தில் ஆசிரியர் பயிற்சியில் ‘செயல்நிலை ஆய்வு’ என்பதே வழக்கு. தமிழ்நாட்டுக் கல்வியியல் கல்லூரிகளில் ‘செயலாராய்ச்சி’, ‘செயலாய்வு’ என்கிறார்கள். எதை எடுத்தாலும் அடிப்படை ஒன்றுதான். முன்னால் ‘பங்கேற்பு’ என்று சேர்த்தால் வேலை முடிந்தது. இருக்கிற சொல் இருக்கப் புதுச்சொல் எதற்கு?

— யாழ்ப்பாணத்திலிருந்து

—

யாழ்ப்பாணத்து ஐயா சொல்வதில் பாதியை ஏற்கிறேன். ‘செயலாய்வு’ நிலைத்துவிட்ட சொல், அதைத் தொட வேண்டாம். ‘செயலை ஆய்தல்’ என்று வேற்றுமைத் தொகையாகக் கொண்டால் பொருள் தவறும். ‘செயலும் ஆய்வும்’ என்று உம்மைத்தொகையாகக் கொள்ளவேண்டும் என்று பாடத்தில் ஒரு வரி எழுதினால் போதும். 1946இல் உளவியலாளர் கர்ட் லெவின் எழுதியதும் அதைத்தான்: திட்டமிடு, செய், விளைந்ததைப் பார், மறுபடி திட்டமிடு.

என் மறுப்பு முழுக்க ‘பங்கேற்பு’ மேல்தான்.

ஒரு கலைச்சொல்லை அதிலிருந்து பிறக்கும் சொற்களை வைத்து மதிப்பிடுங்கள். ‘பங்கேற்பு ஆய்வு’ என்றவுடன் ‘பங்கேற்பாளர்’ வந்துவிடுவார். வெளியிலிருந்து வந்தவர் ஆய்வாளர், ஊர்க்காரர் பங்கேற்பாளர். ஆய்வேடுகளில் வினாத்தாளுக்குப் பதில் சொன்னவரையும் ‘பங்கேற்பாளர்’ என்றுதானே எழுதுகிறார்கள்? இந்த முறை எந்தக் கோட்டை அழிக்கப் பிறந்ததோ, அந்தக் கோட்டை அதன் பெயரே மறுபடி போட்டுவிடுகிறது.

அந்தக் கோடு எப்படி அழிந்தது என்பதற்கு கொலம்பியாவைப் பார்க்கவேண்டும். ஓர்லாண்டோ ஃபால்ஸ் போர்டா அந்நாட்டின் பெரிய சமூகவியலாளர். 1959இல் தேசியப் பல்கலைக்கழகத்தில் சமூகவியல் புலத்தைத் தொடங்கிய இருவரில் ஒருவர். அதே மனிதர் எழுபதுகளின் தொடக்கத்தில் பல்கலைக்கழகத்துக்கு வெளியே வந்து, கரீபியக் கரையோரம் கோர்டோபா வட்டாரத்தில் நிலத்துக்காகப் போராடிய உழவர் சங்கத்தோடு சேர்ந்து வேலை செய்தார். அங்கே ஹுவானா ஹுலியா குஸ்மான் என்ற மூதாட்டி இருந்தார். 1920களில் அதே மண்ணில் நடந்த நிலப் போராட்டத்தின் தலைவர்களில் ஒருவர். ஏடுகள் பெரிதாகப் பேசாத அந்தப் போராட்டம் அவர் நினைவில் இருந்தது. அவரும் மற்ற முதியவர்களும் ஊர்க்கூட்டங்களில் சொல்லச் சொல்ல, உலியானோவ் சலார்கா என்ற ஓவியர் அதைக் கேட்டபடி வரைந்தார். எழுத்துக்கூட்டத் தெரியாதவரும் படிக்கும்படி அது படக்கதையாக அச்சாகி, சொன்னவர்கள் கைக்கே போனது.

அதன்பின் நடந்ததுதான் ‘செயல்’. இருபதுகளின் உழவர்கள் தாங்கள் பிடித்த நிலத்துக்கு ‘அரண்’ என்ற பொருளில் ‘பலுவார்த்தே’ என்று பெயர் வைத்திருந்தார்கள். 1972இல் பண்ணை நிலங்களுக்குள் புகுந்து கூட்டாகப் பயிர்செய்த புதிய தலைமுறை, மீட்டெடுத்த அந்தப் பெயரையே தம் நிலங்களுக்கும் வைத்தது. இதில் குஸ்மானைப் ‘பங்கேற்பாளர்’ என்று எழுத எனக்குக் கை வரவில்லை. கேள்வி அவர்களுடையது, விடையும் அவர்கள் கையில். ஃபால்ஸ் போர்டா வலியுறுத்தியதும் இதையே: ஆய்பவர், ஆயப்படுபவர் என்ற பிரிவு போய் இருபுறமும் ஆய்பவரே இருக்கவேண்டும். 1977இல் கார்த்தஹேனாவில் கூடிய உலக மாநாட்டுக்குப் பிறகு இந்த முறை பல நாடுகளுக்கும் பரவியது.

தமிழ்நாட்டில் ‘பங்கேற்பு’ என்ற சொல்லுக்கு வேறொரு சுமையும் உண்டு. தொண்ணூறுகளில் ‘பி.ஆர்.ஏ.’ என்ற, ஊர் நிலையை ஊராரோடு சேர்ந்து மதிப்பிடும் ‘பங்கேற்பு ஊரக மதிப்பீடு’ ஊர் ஊராக வந்தது. தெருவில் கோலமாவும் வண்ணப்பொடியும் கொண்டு சமூக வரைபடம், வள வரைபடம் போட்டார்கள். நல்ல முறை. பொதுக்குழாய் எந்தத் தெருவோடு நின்றுவிடுகிறது என்பதை ஊருக்கே காட்டிக்கொடுக்கும் படம் அது. ஆனால் எத்தனையோ இடங்களில் அந்தப் படம் சார்ட் தாளுக்கு மாறி, திட்ட அறிக்கையின் பின்னிணைப்பாகி, ஊருக்குத் திரும்பவே இல்லை. ‘மக்கள் பங்கேற்பு’ என்றால் வருகைப்பதிவில் கையெழுத்து என்று பொருள் தேய்ந்துவிட்டது. தேய்ந்த சொல்லை மாணவர் கையில் கொடுக்க வேண்டாம் என்பது என் வேண்டுகோள்.

ராஜஸ்தானை ஒப்பிட்டுப் பாருங்கள். 1990இல் தொடங்கிய, கூலிக்காரர்–உழவர் அமைப்பான மஸ்தூர் கிசான் சக்தி சங்கடன் தன் வேலைக்கு ‘ஆய்வு’ என்று பெயர் வைக்கவில்லை. ஆனால் 1994 டிசம்பரில் கோட் கிரானா என்ற ஊரின் நடுவே அரசு வேலைகளின் வருகைப் பட்டியலை உரக்கப் படித்தபோது, வேலைக்கே போகாதவர் பெயரில் கூலி எழுதியிருந்தது ஊர் அறிய வெளிவந்தது. தரவு சேர்த்தது, சரிபார்த்தது, முடிவு சொன்னது எல்லாவற்றிலும் கூலிக்காரர்கள் இருந்தார்கள். ‘எங்கள் பணம், எங்கள் கணக்கு’ என்ற அந்த முழக்கம் 2005இன் தகவல் அறியும் உரிமைச் சட்டம் வரை போனது. அந்த வழியில் வந்த ‘சமூகத் தணிக்கை’ இன்று நம் கிராமசபைகளில் நூறு நாள் வேலை பற்றிய பேச்சில் தடையில்லாமல் புழங்குகிறது. பொருள் மக்கள் கைக்குப் போனால் சொல்லும் கூடவே போகும்.

ஆகவே என் பரிந்துரை: கூட்டுச் செயலாய்வு. செய்பவர் எல்லோரும், ஊர்க்காரரும் வெளியாரும், கூட்டாய்வர். ‘கூட்டாகச் செயலாய்வு செய்தோம்’ என்று வினையாகவும் இயல்பாக வரும். கூட்டுறவு, கூட்டுப்பண்ணை என்று ‘கூட்டு’ ஏற்கெனவே உழைப்பையும் உடைமையையும் சேர்த்துச் சொல்லும் சொல்.

— திண்டுக்கல்லிலிருந்து

—

அக்கா, ‘கூட்டாய்வு’ என்றால் இரண்டு பல்கலைக்கழகங்கள் ஒப்பந்தம் போட்டுச் செய்வது என்று படாதா? அறிவியல் செய்திகளில் அப்படித்தான் வருகிறது. ‘உடனாய்வு’ என்று வைத்தால் என்ன?

— கோவையிலிருந்து

—

‘உடன்’ வேண்டாம். எங்கள் வழக்கில் ‘உடன்’ என்றால் ‘உடனடியாக’. அவசரகால ஆய்வு என்று விளங்கிக்கொள்வார்கள்.

பங்கேற்பாளர் பற்றித் திண்டுக்கல் தங்கை சொன்னதை யோசித்துப் பார்த்தேன், அது வலுவான காரணம். நிறுவனங்கள் சேர்ந்து செய்வது ‘கூட்டாய்வு’. இது ‘கூட்டுச் செயலாய்வு’. இடையிலுள்ள ‘செயல்’ பிரித்துக் காட்டுமென்று நினைக்கிறேன். எங்கள் மாணவருக்காக அடைப்பில் ‘செயல்நிலை ஆய்வு’ என்றும் ஒருமுறை குறித்துவிடுங்கள்.

இன்னொன்று. அந்தப் படக்கதை ஊராரிடமே திரும்பிப் போனது அல்லவா? ஸ்பானிய மூலத்தில் அதற்கென்றே ஒரு கலைச்சொல் இருக்கிறது. இந்த முறையில் அது ஓர் ஒழுங்கு, அறிவை எடுத்துக்கொண்டு போய்விடக் கூடாது என்ற ஒழுங்கு. ‘கையளிப்பு’ என்று வைக்கலாம். காணி கையளிப்பு என்று நாங்கள் அன்றாடம் சொல்வது. உரியவரிடம் உரியதைக் கொடுப்பது என்ற பொருள் அதிலேயே இருக்கிறது.

— யாழ்ப்பாணத்திலிருந்து

—

எல்லோருக்கும் நன்றி. ‘கூட்டுச் செயலாய்வு’, ‘கூட்டாய்வர்’, ‘கையளிப்பு’ மூன்றையும் எடுத்துக்கொள்கிறேன். ‘பங்கேற்புச் செயலாய்வு’ என்பதைத் தேடுவோருக்காகச் சொல்லடைவில் மட்டும் போட்டு, ‘காண்க: கூட்டுச் செயலாய்வு’ என்று குறிப்பேன். கையளிப்பைத் தனிப் பத்தியாக்கி, கோர்டோபா படக்கதையை அங்கே எடுத்துக்காட்டாக வைக்கிறேன். கோவை நண்பரின் ஐயத்தையும் அடிக்குறிப்பில் சேர்த்துவிடுகிறேன், மாணவர்களும் அதையே கேட்பார்கள். அதிகாரத்தின் வரைவை வரும் வாரம் குழுமத்துக்கு அனுப்புகிறேன்.

— சென்னையிலிருந்து