அப்பாரு காலத்துத் துப்பாக்கிக்கு ஃபயரிங் பின் எங்கே கிடைக்கும்?

காங்கேயத்தான்:
அவசரம்ங்க. அப்பாரு வைத்திருந்த 12 போர் (குழல் அளவு) துப்பாக்கி. எலெக்‌ஷனுக்கு ஸ்டேஷனில் ஒப்படைத்து வாங்கி வந்ததிலிருந்து தோட்டா வெடிக்க மாட்டேன் என்கிறது. ஃபயரிங் பின் (தோட்டாவின் பின்பக்கம் குத்தி வெடிக்க வைக்கிற ஊசி) போய்விட்டது போல. குழல் மேலே கல்கத்தா கம்பெனி பேர் இருக்கிறது. அந்தக் கம்பெனி பின் கோயமுத்தூரில் எங்கே கிடைக்கும்?

நொய்யல்கரை:
ஒத்தைக்குழலா, ரெட்டைக்குழலா? ஹேமர் (பின்னை அடிக்கிற சுத்தி) வெளியே இருக்கிறதா? லைசென்ஸ் உங்கள் பேருக்கு மாற்றியாச்சா?

கணபதி லேத்:
பம்பு ஷாஃப்டே கடைகிற ஊர் இது, பின் ஒரு விஷயமா? மாதிரி கொண்டு வந்தால் அரை மணி நேர வேலை.

பழைய இரும்பு:
வந்துவிட்டார்! 1959 ஆயுதச் சட்டப்படி துப்பாக்கியின் உதிரி பாகமும் ஆயுதம்தான். லைசென்ஸ் இல்லாத பட்டறையில் கடைந்தால் கடைந்தவர் மேல் வழக்கு. இதை எத்தனை தடவைதான் எழுதுவது?
காங்கேயத்தாரே, கல்கத்தா என்பது விற்ற கடை. பர்மிங்காமிலும் பெல்ஜியத்திலும் செய்து வந்ததில் இங்கே கடைக்காரர் பேர் ஏறியது. குழலைச் சோதித்துக் குத்திய முத்திரையைத் தேடுங்கள். கிரீடத்தின் கீழே பி.என்.பி. இருந்தால் பிரிட்டன். முட்டை வடிவத்துக்குள் இ.எல்.ஜி. என்றால் பெல்ஜியத்து லியேஜ் ஊர். இது தெரியாமல் பின் கேட்பது ஊர் தெரியாமல் பொண்ணு கேட்கப் போகிற கதை.

அந்தியூரான்:
பின் நன்றாகத்தான் இருக்கும். தேங்காய் எண்ணெய் போட்டீர்களா? எங்கள் வீட்டில் போட்டுப் போட்டு, பின் ஓடுகிற துளையில் இறுகிப் பிசுபிசுவென்று ஒட்டிக்கொண்டது. வெடிக்காத தோட்டாவின் பின்பக்கம் பாருங்கள். பின் குத்திய குழி ஆழமில்லை என்றால் காரணம் அழுக்கு அல்லது ஸ்பிரிங். குழி ஓரமாக விழுந்திருந்தால் குழல் மடங்குகிற கீல் தேய்ந்திருக்கும். வெடிக்கவில்லை என்றதும் உடனே திறக்காதீங்க. குழல் வாய் ஆளில்லாத பக்கம் இருக்கட்டும், அரை நிமிஷமாவது பொறுங்க.

கணபதி லேத்:
பன்னி கடலைக்காட்டை உழுதுவிட்டுப் போகிறது, இவர் சட்டம் பேசுகிறார்.

பழைய இரும்பு:
லைசென்ஸ் இருந்தாலும் பன்னியை நீங்கள் சுட முடியாது.

கணபதி லேத்:
2025 ஜனவரியில் அரசாங்கமே சுடலாம் என்று சொல்லிவிட்டதே?

பழைய இரும்பு:
முழுசாகப் படியுங்கள். காப்புக்காட்டிலிருந்து 3 கிலோமீட்டருக்கு அப்பால்தான், அதுவும் வனத்துறை ஆள் சுட வேண்டும். 1 முதல் 3 வரை பிடித்துக் காட்டில் விட வேண்டும். 1 கிலோமீட்டருக்குள் சுட அனுமதியே இல்லை.

அந்தியூரான்:
எங்கள் காடு பர்கூர் மலையடிவாரம். அப்போ பன்னிக்கு இலை போட்டுப் பரிமாறட்டுமா?

காங்கேயத்தான்:
ஒத்தைக்குழல்தானுங்க. ஹேமர் இல்லை, குழல் மடங்காது. விசைக்குப் பின்னால் உள்ள லீவரைக் கீழே தள்ளினால் மேலே திறக்கும். பக்கவாட்டில் தேய்ந்துபோய் ஜி.பி. என்று தெரிகிறது. லைசென்ஸ் என் பேரில்தான்.

நொய்யல்கரை:
அட, இதை முதலிலேயே சொல்வதுக்கென்ன! கீலே இல்லாத துப்பாக்கிக்குக் கீல் பேசிக்கொண்டிருந்தோம். இது மார்ட்டினி ஆக்‌ஷன், அதாவது லீவரைத் தள்ளினால் உள்ளே பிளாக் இறங்கித் திறக்கிற வகை; கிரீனர் என்ற இங்கிலீஷ் கம்பெனியின் ஜி.பி. மாடல். பின், ஸ்பிரிங் எல்லாம் அந்த ஏறி இறங்கும் பிளாக்குக்குள் இருக்கும். பின்னுக்கு எத்தனை முனை என்று பாருங்கள். எகிப்து போலீசுக்குக் கிரீனர் இதே சாயலில் ஒன்று செய்தார்கள். சாதாரணத் தோட்டா அதில் வெடிக்கக் கூடாது என்று பின்னுக்கு மூன்று முனை. அந்தப் பின் உங்களுக்கு ஆகாது.

காங்கேயத்தான்:
ஒண்ணுதாங்க.

பழைய இரும்பு:
மார்ட்டினி என்ற பேரைப் பார்த்து அதே பேருள்ள ராணுவத் துப்பாக்கியின் பின்னை வாங்கிவிடாதீர்கள். ரிப்பேர் லைசென்ஸ் உள்ள கடைக்குத் துப்பாக்கியோடு போங்கள். சேம்பர் (குழலில் தோட்டா உட்காருகிற இடம்) நீளத்தையும் அளக்கச் சொல்லுங்கள். பழைய இங்கிலீஷ் துப்பாக்கி பலதுக்கும் 2½ அங்குலம்தான், 2¾ அங்குலத் தோட்டாவைப் போட்டால் குழலுக்கு ஆபத்து.

காங்கேயத்தான்:
கடையில் கொடுத்தாச்சுங்க. பின் நல்லா இருக்குதாம், ஸ்பிரிங்தான் தளர்ந்துடுச்சாம். நன்றி.

அந்தியூரான்:
நான் அப்பவே சொன்னேன்.

கணபதி லேத்:
எந்தக் கடைங்க? ஸ்பிரிங்குக்கு எவ்வளவு கேட்டாங்க?