எல்டன் ரிங் வீடியோ கேமின் கடைசிப் பகுதி: இன்னும் மனசை உறுத்தும் ஒரு இடம் சொல்லுங்கள்

சாம்பல்காரன்

இன்னும் முடிக்காதவர்கள் இப்போதே திரும்பிப் போய்விடுங்கள். எல்லா எண்டிங்கும் இங்கே உடையப்போகிறது.

எந்த பாஸை (பெரிய எதிரியை) எப்படி அடித்தீர்கள் என்று கேட்கவில்லை. தலைநகர் லேண்டெலைத் தாண்டிய பிறகு, விளையாட்டை மூடி வைத்தும் மண்டைக்குள் சுற்றிக்கொண்டே இருக்கும் ஒரு இடம் எல்லோருக்கும் இருக்கும். அதைச் சொல்லுங்கள்.

எனக்கு அது கொல்லர் ஹ்யூக். பெரிய மரத்தை எரிக்க மலைமேல் உலையைப் பற்றவைத்தாயிற்று, ஃபாரம் அசூலா இடிபாட்டு நகரத்தில் கண் விழித்தாயிற்று. பழைய டிராகன் கல் ஒன்று கிடைத்ததும் வாளைக் கடைசி லெவலுக்கு ஏற்றிவிடலாம் என்று நம் தங்குமிடமான ரவுண்ட்டேபிளுக்குத் திரும்பினால், நடுக்கூடம் எரிந்துகொண்டிருக்கிறது. கிழவர் மட்டும் அதே இடத்தில் சுத்தியலைத் தட்டிக்கொண்டிருக்கிறார். பேசினேன். நான் யார் என்று அவருக்குத் தெரியவில்லை. விளையாட்டு முழுக்க என் ஒவ்வொரு ஆயுதமும் அந்தக் கையில் பட்டுத்தான் வந்திருக்கிறது. ஆனாலும் கல்லைக் கொடுத்தால் வாங்கி வேலையை முடித்துக்கொடுக்கிறார். கடவுளைக் கொல்ல ஒரு ஆயுதம் செய்து தருவேன் என்று அரசி மாரிகாவிடம் கொடுத்த வாக்கு மட்டும் ஞாபகத்தில் நிற்கிறது. பக்கத்தில் ரொடெரிகா, அவரை எப்படியாவது கிளப்பிக்கொண்டு போய்விட வேண்டும் என்று தவிக்கிறாள்.

வாள் +25 ஆனதற்குச் சந்தோஷப்படக்கூடத் தோன்றவில்லை.

அரைத்தூக்கம்

பைத்திய நெருப்பைக் கொடுக்கும் மூன்று விரல் இருக்கிற கதவு. வேறென்ன.

ஸாமோர் இடிபாட்டில் ஷப்ரிரி உட்கார்ந்திருப்பான் தெரியுமல்லவா, செத்துப்போன யூராவின் உடம்பைப் போட்டுக்கொண்டு. மரத்தை எரிக்க, நம்மோடு வரும் மெலினா தன்னையே கொடுக்கப்போகிறாள், நீ நெருப்பை வாங்கிக்கொண்டால் அவள் எரிய வேண்டாம் என்று சொல்வான். எனக்கு அது போதுமாக இருந்தது. நேராக லேண்டெல் சாக்கடைக்கு இறங்கினேன். மோக் என்ற பாஸை அடித்து, பீடத்தைத் தட்டி, மறைவழிக்குள் புகுந்தால் கீழே குவியல் குவியலாக வியாபாரிகளின் பிணங்கள். உயிரோடு புதைத்திருக்கிறார்கள். அந்தப் பிணங்களுக்கு நடுவே ஒருவன் உட்கார்ந்து நரம்புக் கருவி வாசிக்கிறான். அங்கேயே திரும்பியிருக்கலாம் என்று யாரும் சொல்ல வேண்டாம், தாவித் தாவி அவ்வளவு ஆழம் இறங்கியவன் திரும்ப மாட்டான்.

கதவு திறக்க மறுக்கிறது. கவசம், தலைக்கவசம், கையுறை எல்லாவற்றையும் கழற்றினால்தான் உள்ளே விடும். இத்தனை நேரம் எடை பார்த்துப் பார்த்துப் போட்டதையெல்லாம் ஒவ்வொன்றாக எடுக்கும்போது ஸ்க்ரீனில் என் ஆள் சின்னப்பையன் மாதிரி நிற்கிறான். உள்ளே அந்தக் கை வந்து அணைக்கிறது. பிறகு ஆடையைக் கழற்றும்போதெல்லாம் உடம்பில் விரல் தடம். கண் மஞ்சள்.

அவளுக்காகத்தான் போனேன், அவளே விட்டுப் போய்விட்டாள். உலைக்கு மேலே போய் நின்றால் பக்கத்தில் யாரும் இல்லை. கடைசி வீடியோவில் என் குதிரை டாரென்ட்டின் மோதிரத்தை எடுக்கிறாள், எப்போதும் மூடியே இருந்த இடது கண்ணைத் திறக்கிறாள், எங்கே போனாலும் தேடி வந்து சாவைக் கொடுப்பேன் என்கிறாள்.

அவளைக் காப்பாற்றியவனிடம் இதைச் சொல்கிறாள்! இன்றுவரை ஆறவில்லை.

ஈட்டிக்காரி

@அரைத்தூக்கம், யார் காப்பாற்றச் சொன்னது? உலைக்கு முன்னால் மெலினா என்ன சொல்கிறாள் என்று இன்னொரு முறை கேட்டுப் பாருங்கள். அம்மா கொடுத்த வேலைதான், ஆனால் இப்போது என் சொந்த விருப்பத்தில்தான் செய்கிறேன் என்கிறாள். கீழே இறங்குவதற்கு முன்பும் வேண்டாம் என்று எச்சரிக்கிறாள். அவள் பேச்சைத் தள்ளிவிட்டு, பிணத்துக்குள் புகுந்தவன் பேச்சை நம்பினீர்கள். பிறகு அவளுக்குக் கோபம் வராமல் என்ன வரும்?

என்னை உறுத்துவது உடம்பு அழுகும் நோயோடு போராடும் மில்லிசென்ட். ஹாலிக்ட்ரீ மரத்தில் அந்த அழுகல் மர ஆவியைக் கொன்றதும் தரையில் இரண்டு அடையாளம் தெரியும். பொன்னிறத்தைத் தொட்டால் அவளோடு சேர்ந்து அவள் சகோதரிகளை அடிக்கலாம், சிவப்பைத் தொட்டால் அவளையே கொல்லலாம். நான் பொன். ஜெயித்துவிட்டுப் போனால் உட்கார்ந்திருக்கிறாள், உடம்பை அழுகாமல் காத்துவந்த ஊசியைத் தானே பிடுங்கிவிட்டாள். வேறு யாராகவோ மாறுவதைவிட நானாகவே அழிந்துபோகிறேன் என்கிறாள். திரும்பி வந்து பார்த்தால் பிணம், கையில் எடுக்க ஊசி.

அந்த ஊசியை மலேனியா என்ற பாஸைக் கொன்ற இடத்தில் பூத்திருக்கும் பூவில் செருகினால் மிக்கெல்லாவின் ஊசி ஆகும். அதை ஃபாரம் அசூலாவில் டிராகன் பிளசிடுசாக்ஸ் இருக்கும் இடத்தில் பயன்படுத்தினால் உங்கள் பைத்திய நெருப்பு அணையும். விக்கியில் இந்தக் குவெஸ்ட்டை எல்லோரும் எழுதுவது இதற்காக மட்டும்தான். அவளை ஒரு ஆளாகவே யாரும் பார்ப்பதில்லை, அடுத்தவன் பற்றவைத்ததை அணைக்கும் தண்ணீர் வாளி.

லெவல்150

எனக்கு உறுத்துவது ஃபாரம் அசூலா பாஸ் மாலிகெத். தூணுக்குத் தூண் தாவிக்கொண்டே இருந்தான், கேமரா எங்கேயோ பார்த்தது, செத்தேன். அவ்வளவுதான் என் கதை.

ஆனால் இங்கே எழுதுகிறவர்கள் எல்லோரும் கடைசிப் பகுதியில் அவஸ்தைப்பட்டது போலத் தெரிவதால் சிலது சொல்லிவிடுகிறேன், தப்பாக நினைக்க வேண்டாம். மலைப்பகுதிக்கு ஏறியவுடன் எதிரி அடிக்கும் அடி சட்டென்று கூடுகிறது. லேண்டெல் வரை விகர் (உயிர் அளவைக் கூட்டுவது) 30, 35 வைத்து ஓட்டியவர்கள் அங்கேதான் மாட்டுவார்கள். 60 வரை ஏற்றுங்கள், அதற்கு மேல் போட்டால் பிரயோஜனம் குறைவு. ஸ்ட்ரெங்த், டெக்ஸ் எல்லாம் அப்புறம். மாலிகெத்தின் கறுப்பு நெருப்பு பட்டால் ரத்தம் தொடர்ந்து இறங்கும், மொத்த அளவே கொஞ்ச நேரத்துக்குக் குறையும். அதனால் அடிபட்டதும் பதறி ஃபிளாஸ்க் மருந்தைக் குடிக்காமல் விலகி நில்லுங்கள். ஃபாரம் அசூலாவில் பெர்னால் வந்து தாக்குவான், அவனை அடித்தால் ஒரு நகம் கிடைக்கும். மாலிகெத்தின் சில வீச்சுகளை அதை வைத்துத் திருப்பி அடிக்கலாம். பாதிப் பேர் அதைப் பையிலேயே வைத்துவிட்டுச் சாகிறார்கள். கடைசியில் வரும் ராடகானுக்கு நெருப்பு நன்றாக வேலை செய்யும். அவனுக்கு அடுத்து வரும் எல்டன் பீஸ்ட்டிடம் ஹோலி (புனித சக்தி) ஆயுதத்தைத் தூக்கிக்கொண்டு போகாதீர்கள், அதற்கு உறைக்கவே உறைக்காது. அது அடிப்பது ஹோலி என்பதால் ஹாலிக்ட்ரேக் தாலிஸ்மனைப் போடுங்கள். நம்மைப் போலவே ஒரு ஆளைத் துணைக்கு வரவைக்கும் மிமிக் டியரை 2022 மார்ச் அப்டேட்டில் குறைத்துவிட்டார்கள் என்று சொல்லி ஒதுக்கிவிட்டார்கள் பலர், அது இப்போதும் நல்ல சம்மன்தான். நோக்ரான் நகரத்தில் ஒரு கல்வாள் சாவி போட்டால் கிடைக்கும். சாவி வாங்கக் கஞ்சத்தனம் வேண்டாம்.

இன்னொன்று. மாலிகெத்தைக் கொன்ற பிறகு லேண்டெல் சாம்பல் நகரம் ஆகிவிடும், பழைய நகரம் திரும்பாது. அங்கே விட்டுவைத்த வேலையெல்லாம் முன்னாலேயே முடித்துக்கொள்ளுங்கள்.

பானைத்தலை

யாரும் கேட்கவில்லையே அண்ணா. விகர் 60 வைத்தால் ஹ்யூக்குக்கு ஞாபகம் திரும்புமா?

என் கதை அலெக்சாண்டர். முதலில் பார்த்தபோது மண்ணில் இடுப்புவரை புதைந்து, அடித்துத் தள்ளிவிடச் சொன்ன பானை. ஃபயர் ஜயன்ட் சண்டைக்கு அவரை சம்மன் செய்து, இரண்டு பேருமாக அந்தக் கட்டுப்போட்ட காலை உடைத்தோம். சிரித்துக்கொண்டே சண்டை போடுவார். அப்புறம் ஃபாரம் அசூலாவில் ஒரு மூலையில் நிற்கிறார். வா, கடைசியாக நாம் இருவரும் மோதிப் பார்ப்போம் என்கிறார். மறுக்கலாம் என்று தோன்றியது, ஆனால் கேட்பது அவர். போர்வீரனாக இருப்பதற்காகவே சுற்றி வந்த பானை.

பானை உடைந்து உள்ளே இருந்ததெல்லாம் தரையில் கொட்டியது. பொருள் பட்டியலில் ‘அலெக்சாண்டரின் சில்லு’ என்று ஒன்று வந்தது. மாட்டினால் ஸ்கில் அடி 15% கூடும். விளையாட்டிலேயே நல்ல தாலிஸ்மன்களில் ஒன்று. எல்லா பில்ட் வீடியோவிலும் இருக்கும். கழுத்தில் மாட்டிக்கொண்டு போய்த்தான் எல்டன் பீஸ்ட்டைக் கொன்றேன். எனக்கு அருவருப்பாகவும் இருந்தது, பெருமையாகவும் இருந்தது.

நிலாப்பக்கம்

சூனியக்காரி ரான்னியின் எண்டிங்கை எடுத்தவர்கள் எல்லோரும் நீல வெளிச்சம், நிலா, ஆயிரம் வருஷப் பயணம் என்று உருகுவார்கள். மானஸ் செலஸ் ஆலயத்தில் அவளுக்கு மோதிரத்தைப் போட்டுவிட்டு மேலே வந்தவர்கள் ரான்னியின் கோபுரத்துக்குத் திரும்பிப் போனீர்களா? நான் போனேன். வாசலில் அவளுடைய ஓநாய் வீரன் பிளைத்.

காட்டில் இடிபாட்டு உச்சியில் உட்கார்ந்து ஊளையிட்டவனைக் வியாபாரி காலே கற்றுக்கொடுத்த சொடுக்குப் போட்டு இறக்கியது நான். ராடான் திருவிழாவில் என்கூட மணலில் ஓடியவன். தெய்வக் கட்டளை சொல்லும் இரட்டை விரல் அவனை அவளுக்கு நிழலாகவே படைத்தது, அவள் மீறினால் இவனுக்கு வெறி பிடிக்கும் என்பது ஏற்பாடு. வெறி பிடித்தும் அவன் வாயில் அவள் பெயர்தான். அவளுக்கு வேண்டியதை எல்லாம் செய்துகொடுத்த என்மேல் பாய்கிறான். கொஞ்சம் தள்ளி அவளுடைய கொல்லர் இஜி இறந்துகிடக்கிறார், சுற்றிலும் கறுப்புக் கத்திக் கொலைகாரிகளின் பிணங்கள்.

அவளுடைய யுகம் நல்லதா கெட்டதா என்று மணிக்கணக்கில் வாதாடுகிறவர்களிடம் எனக்கு ஒன்றுதான் கேட்க வேண்டும். அவளுக்கு முதலிலேயே தெரியும், தெரிந்துதானே போனாள்?

ஈட்டிக்காரி

@நிலாப்பக்கம், தெரிந்து போவது குற்றமா? அவள் விரல்களின் பொம்மையாக இருந்திருந்தால் பிளைத் பிழைத்திருப்பான், சரி. அவனை அப்படிப் படைத்தது யார்? கோபத்தை விரல்மேல் காட்டுங்கள்.

நிலாப்பக்கம்

விரலைக் கொல்ல விளையாட்டு எனக்கு வழி கொடுக்கவில்லை, அக்கா. பிளைத்தைக் கொல்லத்தான் கொடுத்தது.

மங்கலான பட்டன்

ஆறு எண்டிங் என்று பெருமை பேசுகிறோம். ரான்னி, பைத்திய நெருப்பு இரண்டையும் எடுத்துவிட்டால் மிச்சம் நான்கும் ஒரே வீடியோ. தோசை அதேதான், சட்னி நிறம் மட்டும் வேறு. ஃபியா, டங் ஈட்டர், கோல்ட்மாஸ்க் மூவரில் யாருடைய ரூன் சின்னத்தை வைத்தாலும் நாற்காலியில் போய் உட்காருகிறோம், குரல் இரண்டு வரி மாற்றிப் பேசுகிறது. டங் ஈட்டருக்காகச் சாபங்களைத் தேடி அலைந்தவர்கள் எனக்குப் பதில் சொல்லுங்கள்.

ஆனால் கோல்ட்மாஸ்க் வழியில் ஒரு இடம் இருக்கிறது, அதற்காக மன்னித்துவிடலாம். லேண்டெலில் ராடகான் சிலை. முன்னால் தரையில் ‘பின்னோக்கிப் போனால்தான் ரகசியம் தெரியும்’ என்கிற மாதிரி ஒரு குறிப்பு. அந்தப் பின்னோக்கும் மந்திரத்துக்கு இன்டெலிஜென்ஸ் 37 வேண்டும். என்னுடையது சுத்தியல் தூக்கும் முட்டாள் பில்ட். ரெனாலாவிடம் லார்வல் டியர் கொடுத்து உடம்பையே மாற்றி எழுதிக்கொண்டு வந்து, சிலை முன்னால் நின்று மந்திரம் போட்டேன். சிலை கலைந்தது. நிற்பது மாரிகா. பக்கத்தில் புதிதாக ஒரு வரி: ராடகான்தான் மாரிகா.

ஓடிப்போய்க் கோல்ட்மாஸ்க்கிடம் சொன்னேன். அந்த மனிதர் ஒரு வார்த்தை பேசுவதில்லை, விரல் மட்டும் ஆடும். அவருக்குப் பின்னால் நின்று எழுதிக்கொண்டே வந்த கோரின்தான் அன்றிலிருந்து ஆடிப்போனார். நம்பி வந்த சட்டத்திலேயே ஓட்டை என்று குருவே கண்டுபிடித்துவிட்டால் சீடன் எங்கே போவான்?

திரும்பச் சுத்தியலுக்கு மாற இன்னொரு லார்வல் டியர் போயிற்று.

அரைத்தூக்கம்

@ஈட்டிக்காரி, நேற்று பழைய சேவ் ஃபைலை எடுத்துப் பார்த்தேன். நீங்கள் சொன்ன வசனம் இருக்கிறது, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் ஒருத்தி விரும்பித் தீக்குளிக்கிறாள் என்பதால் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டும் என்பதை ஒத்துக்கொள்ளவில்லை. நெருப்பை அணைக்காமல் அப்படியே முடித்த சேவ் அது. அப்படியே இருக்கட்டும். அவள் தேடி வரட்டும், பார்த்துக்கொள்ளலாம்.

ஈட்டிக்காரி

உலகமே எரிந்தது கணக்கில் வராதா உங்களுக்கு?

புதுக்கவசம்

நான் லேட்டாக வருகிறேன். இந்த வாரம்தான் சாம்பல் நகரத்துக்குள் நுழைந்தேன். ரவுண்ட்டேபிளில் இருந்த ‘எல்லாம் தெரிந்த’ கிடியன் பாதையில் வந்து நிற்கிறான், மனிதன் கடவுளைக் கொல்ல முடியாது என்கிறான். என்னை இத்தனை நாள் வேலை வாங்கியதே அவன்தான். மோக், மலேனியா செய்தியெல்லாம் கொண்டுபோய் அவனிடம் கொடுத்தது நான். கொடுத்ததையெல்லாம் மந்திரமாக்கி என் முகத்திலேயே வீசினான். அவனைத் தாண்டினால் பழைய அரசர் கோட்ஃப்ரே. பாதி ரத்தம் போனதும் தோளில் இருந்த சிங்கத்தைத் தன் கையாலேயே பிய்த்துப் போட்டுவிட்டு, நான் ஹோரா லூ, போர்வீரன் என்று கத்திக்கொண்டு வெறுங்கையோடு வருகிறார். கோடாரியோடு அடித்தபோது தாங்கினேன். மல்யுத்தத்தில் என்னைத் தூக்கித் தரையில் அடித்தபோது கன்ட்ரோலரைக் கீழே வைத்துவிட்டு எழுந்துபோய்விட்டேன்.

அவரை முடித்தாயிற்று. ராடகானும் ஒருவழியாக ஆயிற்று. இப்போது எல்டன் பீஸ்ட்டிடம் நிற்கிறேன். அது ஓடுகிறது, நான் பின்னாலேயே ஓடுகிறேன், நெருங்கினால் மறுபடி ஓடுகிறது. குதிரையை அங்கே கூப்பிட முடியாது என்று ஒரு பழைய வீடியோவில் சொல்கிறார்கள், உண்மையா?

லெவல்150

பழைய வீடியோ. 2024 அப்டேட்டில் மாற்றிவிட்டார்கள், அங்கேயும் டாரென்ட்டைக் கூப்பிடலாம். அது நீந்தி விலகும்போது ஏறுங்கள், நெருங்கியதும் இறங்கிவிடுங்கள்.

புதுக்கவசம்

நன்றி அண்ணா, கூப்பிட்டுப் பார்த்தேன், வருகிறது. இன்னும் அடிக்கவில்லை. தரையில் ரான்னி அடையாளமும் வரும், ஃபியாவின் ரூனும் கையில் இருக்கிறது. எதை எடுப்பது என்று இதையெல்லாம் படித்த பிறகு இன்னும் குழம்பிவிட்டேன்.