அப்புச்சி வீட்டுக் குழு: கவினின் ஆங்கிலச் சொல் போட்டி

கவின்: அப்புச்சி, சனிக்கிழமை பள்ளியில் ஆங்கிலச் சொல் போட்டிங்க. வி-ஐ-சி-டி-யு-ஏ-எல்-எஸ். இதை விக்சுவல்ஸ் என்று சொல்லலாமுங்களா?

அப்புச்சி (கோபி): இல்லை கண்ணு. விட்டில்ஸ். லிட்டில் மாதிரியே வரும். சாப்பாட்டுச் சாமான் என்று அர்த்தம்.

கவின்: அப்புறம் நடுவில் சி எதற்குங்க?

அப்புச்சி (கோபி): பிரெஞ்சிலிருந்து வரும்போது அதில் சி இல்லை. லத்தீன் மூலத்தில் இருக்கிறதே என்று பின்னால் வந்த பண்டிதர்கள் எழுத்தில் மட்டும் சேர்த்தார்கள். ஜனங்கள் பழையபடியே பேசினார்கள். கடனுக்கு டெட் என்கிறோமே, அதில் பி நுழைந்ததும் இப்படித்தான்.

மாமா (திருப்பூர்): அப்பா, ஏற்றுமதிப் பேப்பரில் கியூ-யு-ஏ-ஒய் என்று பார்த்திருக்கிறேன். கப்பல் வந்து நிற்கிற மேடை. எப்படிச் சொல்ல வேண்டும்?

அப்புச்சி (கோபி): கீ. சாவிக்குச் சொல்கிற அதே கீ. முன்பு எழுதியதும் கே-இ-ஒய்தான். பிரெஞ்சு எழுத்தைப் பார்த்து மாற்றிவிட்டார்கள்.

சித்தி (பெருந்துறை): கவின், இதையும் எழுதிக்கோ சாமி. பி-எச்-டி-எச்-ஐ-எஸ்-ஐ-எஸ். தைசிஸ். டிபிக்கு அந்தக் காலத்து மருத்துவப் பெயர். உடம்பு தேய்ந்து மெலிவது என்ற கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது.

அம்மாயி: எலும்புருக்கி நோயா? அந்தப் பேரைச் சொன்னாலே எங்கள் ஆத்தா நடுங்குவாங்க. பிள்ளைக்கு வேறு ஏதாவது நல்ல வார்த்தை சொல்லிக் கொடுங்க.

சித்தி (பெருந்துறை): சரிங்கம்மா 🙂 ஆனால் போட்டியில் இந்த மாதிரிதான் கேட்பார்கள்.

அப்புச்சி (கோபி): கவின், வார்த்தை எந்த மொழியிலிருந்து வந்தது என்று கேட்க விடுவார்களா?

கவின்: விடுவாங்க அப்புச்சி.

அப்புச்சி (கோபி): அப்படியானால் தயங்காமல் கேளு. அதுதான் பாதி விடை. கிரேக்கம் என்றால் முதலில் ஒலிக்காத பி இருக்கலாம். சைக்காலஜி, நிமோனியா எல்லாம் அப்படித்தான். பிரெஞ்சு என்றால் சி-எச் பெரும்பாலும் ஷ ஆகும், ஷெஃப் போல. ஆனால் டார்மிகனில் ஏமாந்துவிடாதே. குளிர் நாட்டு மலைப் பறவை அது. ஸ்காட்லாந்தின் கேலிக் மொழிப் பெயர், அதில் பி கிடையாது. கிரேக்கம் என்று நினைத்து முன்னால் பி போட்டுவிட்டார்கள்.

மாமா (திருப்பூர்): அப்போது எழுதும்போது பி உண்டு, சொல்லும்போது இல்லை?

அப்புச்சி (கோபி): ஆமாம். அதனால் முதலில் சத்தமாகச் சொல்லிப் பழகு கண்ணு, எழுத்து அப்புறம். சும்மா கண்ணால் பார்த்துக்கொண்டே இருந்தால் மேடையில் நாக்கு புரளாது.

கவின்: சரிங்க அப்புச்சி. நாளைக்கு டியூஷன் முடிந்ததும் போன் செய்கிறேனுங்க, நீங்கள் கேளுங்க, நான் சொல்கிறேன்.