அம்மா போனில் கேமைத் திறக்காமலே விளம்பரம் வருகிறது, ஃபார்மேட் செய்யாமல் சரிசெய்ய முடியுமா?

கெடிலக்கரை:

வணக்கம். அம்மாவுக்கு 67 வயது, கடலூர் புதுப்பாளையத்தில் தனியாக இருக்கிறார். நான் வேலைக்காகப் புதுச்சேரி முத்தியால்பேட்டையில் தங்கியிருக்கிறேன், ஞாயிற்றுக்கிழமை பஸ் ஏறிப் போய்ப் பார்த்துவிட்டு வருவேன். அப்பா போன பிறகு மதியச் சாப்பாடு முடிந்ததும் அம்மாவுக்குத் துணை அந்தப் போனில் இருக்கும் ஒரு தமிழ்ச் சொல் விளையாட்டுதான். எழுத்துகளை விரலால் இழுத்துச் சேர்த்துச் சொல் கண்டுபிடிக்க வேண்டும். 400 நிலைக்கு மேல் தாண்டிவிட்டார், புதுச் சொல் ஏதாவது கிடைத்தால் எனக்குப் போன் போட்டு அர்த்தம் தெரியுமா என்று கேட்பார்.

இலவச கேம் என்பதால் இடையிடையே விளம்பரம் வரும், அதை அவர் பொறுத்துக்கொண்டுதான் இருந்தார். போன மாதம் விளையாடும்போது "உங்கள் போனில் 4 வைரஸ் உள்ளது" என்று சிவப்பாக ஒன்று வந்திருக்கிறது. பயந்துபோய் அதை அமுக்கிவிட்டார். அதிலிருந்து கேமைத் திறக்காவிட்டாலும் விளம்பரம் வருகிறது, போனைக் கையில் எடுத்தாலே வருகிறது. மூடலாம் என்றால் அந்தப் பெருக்கல் குறி எள் அளவுதான் இருக்கிறது, அம்மா விரல் பட்டதும் ப்ளே ஸ்டோருக்குப் போய்விடுகிறது. போன வாரம் நான் கூப்பிட்டபோது திரை முழுக்க ஏதோ விளம்பரம் மறைத்துக்கொண்டு போனை எடுக்கவே முடியவில்லையாம். மூன்று தடவை கூப்பிட்டும் எடுக்காததால் நான் பயந்து பக்கத்து வீட்டு அக்காவை அனுப்பிப் பார்க்கச் சொன்னேன். மெயின் பேலன்ஸில் போட்டு வைத்த 100 ரூபாயும் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைந்துவிட்டது.

ஒரு கடையில் காட்டினோம். ஃபார்மேட் போட வேண்டும் என்றார்கள். அப்பாவின் படங்கள் அதில்தான் இருக்கின்றன, கேமில் 400 நிலையும் போய்விடுமோ என்று அம்மா கொடுக்க மறுத்துவிட்டார். ஆண்ட்ராய்டு 11 போன். ஃபார்மேட் இல்லாமல் வழி இருந்தால் சொல்லுங்கள்.

தேவனாம்பட்டினம் அலை:

விளையாடும்போது மட்டும் மொபைல் டேட்டாவையும் வைஃபையையும் அணைத்துவிடச் சொல்லுங்கள். நெட் இல்லாமல் ஓடும் கேம் என்றால் விளம்பரம் இறங்காது. ஃப்ளைட் மோடு போட வேண்டாம், அதில் அழைப்பும் வராது.

கெடிலக்கரை:

நன்றி. ஆனால் கேமுக்கு வெளியே வருவதுதான் இப்போது பெரிய தொல்லை. பேத்தி வாட்ஸ்அப்பில் கூப்பிடுவாள் என்று அம்மா டேட்டாவை அணைக்கவே மாட்டார்.

பழுது மேசை:

நான் பன்னிரண்டு வருடமாகத் திருப்பாதிரிப்புலியூரில் போன் சர்வீஸ் செய்கிறேன். ஃபார்மேட்டுக்கு அவசரப்படாதீர்கள்.

முதலில் ஒன்றைப் புரிந்துகொள்ளுங்கள், இங்கே இரண்டு நோய் கலந்திருக்கிறது. கேமுக்குள் வரும் விளம்பரம் வேறு, கேம் மூடியிருக்கும்போது வருவது வேறு. இரண்டாவதைக் காட்டுவது பெரும்பாலும் அந்தக் கேமே கிடையாது. வைரஸ் என்று பயமுறுத்திய பக்கம் வழியாக உள்ளே வந்த வேறொரு ஆப், க்ளீனர், பேட்டரி சேவர், டார்ச் என்று ஏதாவது பெயரில் உட்கார்ந்திருக்கும். வெளியே வரும் விளம்பரத்துக்காகக் கேமை நீக்கிவிட்டு, அப்படியும் நிற்கவில்லை என்று என்னிடம் வருபவர்கள் நிறையப் பேர்.

எந்த ஆப் என்று பிடிக்க எளிய வழி ஒன்று உண்டு. வெளியே விளம்பரம் வந்து நிற்கும்போது அதை மூட முயலாமல், ரீசன்ட்ஸ் பட்டனை அமுக்குங்கள், திறந்திருக்கும் ஆப்கள் அட்டை அட்டையாக வரிசையில் தெரியுமே அது. விளம்பரம் இருக்கும் அட்டையின் தலையில் எந்த ஐகான் இருக்கிறதோ அதுதான் குற்றவாளி. ஐகான் வெள்ளையாகவோ பெயர் இல்லாமலோ இருந்தாலும் சந்தேகப்படுங்கள், முகப்பில் தெரியாமல் ஒளிந்துகொள்ள அப்படிச் செய்வார்கள்.

அடுத்தது செட்டிங்ஸ், ஆப்ஸ், ஸ்பெஷல் ஆப் ஆக்ஸஸ், அதற்குள் டிஸ்ப்ளே ஓவர் அதர் ஆப்ஸ். சில கம்பெனிப் போன்களில் அப்பியர் ஆன் டாப் என்று இருக்கும். மற்ற ஆப்களுக்கு மேல் ஏறி உட்கார யாருக்கெல்லாம் அனுமதி இருக்கிறது என்று அங்கே தெரியும். அழைப்புத் திரையை விளம்பரம் மறைத்தது பெரும்பாலும் இதனால்தான். தெரியாத பெயர் எல்லாவற்றுக்கும் அனுமதியை எடுத்துவிடுங்கள்.

பிறகு செட்டிங்ஸில் உள்ள ஆப்ஸ் பட்டியலில் போய் அந்த ஆப்பை அன்இன்ஸ்டால் செய்யுங்கள். முகப்பில் ஐகான் இல்லாவிட்டாலும் அங்கே இருக்கும். அன்இன்ஸ்டால் பட்டன் மங்கலாக இருந்தால் அந்த ஆப் டிவைஸ் அட்மின், அதாவது போனை நிர்வகிக்கும் அனுமதி வாங்கி வைத்திருக்கிறது என்று அர்த்தம். செக்யூரிட்டி பகுதியில் டிவைஸ் அட்மின் ஆப்ஸ் என்று தேடி, அங்கே டிக்கை எடுத்துவிட்டுத் திரும்பி வந்தால் நீங்கும்.

விளம்பரம் விடாமல் வந்து எதையும் தொட முடியவில்லை என்றால் சேஃப் மோடில் திறங்கள். பெரும்பாலான போன்களில் பவர் பட்டனை அமுக்கி, திரையில் வரும் பவர் ஆஃப் என்பதை அழுத்திப் பிடித்தால் சேஃப் மோடு கேட்கும். அதில் நாம் பின்னால் போட்ட ஆப் எதுவும் ஓடாது, நிதானமாக நீக்கலாம். படங்கள் எங்கேயும் போகாது.

க்ரோமையும் மறக்காதீர்கள். சைட் செட்டிங்ஸில் நோட்டிஃபிகேஷன்ஸ் பகுதியைப் பாருங்கள். ஏதாவது ஒரு தளத்தில் அலோ அமுக்கியிருந்தால் "வைரஸ்" எச்சரிக்கை மேலிருந்து வந்துகொண்டே இருக்கும், அது ஆப்பே இல்லை. எல்லாம் முடிந்ததும் ப்ளே ஸ்டோரில், கெட்ட ஆப் இருக்கிறதா என்று பார்க்கும் ப்ளே ப்ரொடெக்ட் ஸ்கேன் ஒரு தடவை.

தவளக்குப்பம் வாசி:

பேலன்ஸ் போனதைப் பற்றி யாரும் சொல்லவில்லையே. விளம்பரத்தை அமுக்கியதில் காலர் ட்யூன், ஜோதிடம் மாதிரி ஏதாவது கட்டணச் சேவை ஒட்டிக்கொண்டிருக்கும். அம்மா போனிலிருந்தே 155223 என்ற எண்ணுக்கு அழையுங்கள், கட்டணம் கிடையாது. என்ன சேவை ஓடுகிறது என்று கேட்டு நிறுத்திவிடலாம். இந்த மாதிரிச் சேவைக்கு இரண்டு முறை சம்மதம் வாங்க வேண்டும் என்று தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் 2013லேயே உத்தரவு போட்டிருக்கிறது, அதனால் பணத்தைத் திருப்பித் தரச் சொல்லியும் கேளுங்கள், கூச்சப்பட வேண்டாம். தரவில்லை என்றால் 1915, அது தேசிய நுகர்வோர் உதவி எண். தெரியாமல் சந்தாவில் மாட்டிவிடுவது, விளம்பரத்தை வேறு எதையோ போல வேடம் போட்டுக் காட்டுவது இரண்டும் 2023 நவம்பரில் வந்த டார்க் பேட்டர்ன்ஸ் (பயனரை ஏமாற்றும் வடிவமைப்பு உத்திகள்) வழிகாட்டுதலில் உள்ள 13 வகைகளில் வருகின்றன.

லாஸ்பேட்டை:

கேமுக்குள் வருவதை நிறுத்த என் வழி. ஆண்ட்ராய்டு 9 முதல் வந்த போன்களில் பிரைவேட் டிஎன்எஸ் என்ற செட்டிங் இருக்கிறது. சர்வர் பெயரைக் கொடுத்தால் அது நெட்டில் எங்கே இருக்கிறது என்று தேடித் தருவதுதான் டிஎன்எஸ். அந்த செட்டிங்கில் விளம்பரத்தைத் தடுக்கும் ஆட்கார்டு டிஎன்எஸ் முகவரியைப் போட்டால் விளம்பர சர்வர் பெயர்களுக்கு விடையே கிடைக்காது, விளம்பரம் இறங்காது. ஆப் எதுவும் போட வேண்டாம், காசும் வேண்டாம். முகவரியை அவர்கள் தளத்திலிருந்து எழுத்துப் பிசகாமல் எடுத்துப் போடுங்கள், தப்பாகப் போட்டால் நெட்டே வராது.

பாகூர் டீச்சர்:

என் பையன் போனில் இதைப் போட்டிருக்கிறேன், வேலை செய்கிறது. ஒரே சங்கடம், சில இடங்களின் இலவச வைஃபையில் சேராது, அப்போது அணைத்துப் போட வேண்டும். இன்னொன்றும் சொல்லியாக வேண்டும். காசு கட்டி ஆடும் ரம்மி விளம்பரம் வந்தால் அதைத் தொடவே வேண்டாம் என்று அம்மாவிடம் சொல்லிவையுங்கள். 2025 ஆகஸ்டில் வந்த மத்திய அரசுச் சட்டம் அந்த ஆட்டத்தையும் அதன் விளம்பரத்தையும் சேர்த்தே தடை செய்கிறது, கடலூர் என்றாலும் புதுச்சேரி என்றாலும் ஒன்றுதான். பணம் போய்விட்டால் உடனே 1930, அது சைபர் குற்ற உதவி எண். எங்கள் தெருவில் ஒரு குடும்பம் இதில் பட்ட பாட்டைப் பார்த்தவள் என்பதால் சொல்கிறேன்.

சின்ன கேம் பட்டறை:

நான் வீட்டிலிருந்து சின்னச் சின்ன கேம் செய்து ப்ளே ஸ்டோரில் போடுபவன், அந்தப் பக்கத்திலிருந்தும் சொல்கிறேன். எந்த விளம்பரம் வர வேண்டும் என்று ஒவ்வொன்றாக நாங்கள் தேர்ந்தெடுப்பதில்லை, விளம்பர நெட்வொர்க் அனுப்புகிறது. ஆனால் எத்தனை நிமிடத்துக்கு ஒன்று, எந்த இடத்தில் என்பது எங்கள் கையில் இருக்கிறது. சூதாட்டம் போன்ற சில வகைகளை அடைத்து வைக்கவும் வசதி உண்டு. ஆகவே வைரஸ் என்று பயமுறுத்தும் விளம்பரம் வந்தால் ஸ்க்ரீன்ஷாட் எடுத்து, ப்ளே ஸ்டோர் பக்கத்தில் உள்ள டெவலப்பர் மின்னஞ்சலுக்கு அனுப்புங்கள். எனக்கு இப்படி வந்த கடிதங்களால்தான் இரண்டு விளம்பரங்களை அடைத்தேன், இல்லாவிட்டால் எனக்குத் தெரிந்தே இருக்காது.

விதியும் இருக்கிறது. 2022 செப்டம்பர் 30 முதல் கூகுள் ப்ளேயில், ஒரு நிலை தொடங்கும்போது எதிர்பாராமல் முழுத்திரை விளம்பரம் காட்டக் கூடாது, அப்படி நடுவில் வரும் எந்த முழுத்திரை விளம்பரமும் 15 விநாடிக்குப் பிறகும் மூட முடியாமல் இருக்கக் கூடாது. உதவிக் குறிப்புக்காக நாமே விரும்பிப் பார்க்கிற வீடியோவுக்கு இந்தக் கணக்கு இல்லை. விதியை மீறுகிற கேமை ப்ளே ஸ்டோர் பக்கத்தில் மேலே உள்ள மூன்று புள்ளியைத் தொட்டுப் புகார் செய்யலாம். 2020 பிப்ரவரியில் இப்படித் தொல்லை தரும் விளம்பரங்களுக்காகக் கூகுள் ஏறக்குறைய 600 ஆப்களை நீக்கியது, அதில் ஆப் திறக்காதபோதும் விளம்பரம் காட்டியவை இருந்தன.

டிஎன்எஸ் போடுவது உங்கள் விருப்பம், நான் தடுக்கவில்லை. ஆனால் அம்மா தினமும் விளையாடும் கேம் என்றால் அதில் விளம்பரம் நீக்கக் கட்டணம் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். ஒரு தடவைதான் கட்ட வேண்டியிருக்கும், எங்களுக்கும் அது பல மாத விளம்பர வருமானத்தை விடப் பெரிது. கட்டும்போது அம்மாவின் கூகுள் கணக்கிலேயே கட்டுங்கள், போன் மாற்றினாலும் ரெஸ்டோர் பர்ச்சேஸ் கொடுத்துத் திரும்பப் பெறலாம். ப்ளே ஸ்டோரில் ஒவ்வொரு முறை வாங்கும்போதும் பாஸ்வேர்டு கேட்கும்படி வைத்துவிடுங்கள்.

கெடிலக்கரை:

நேற்று கடலூர் போயிருந்தேன், எல்லாவற்றையும் உட்கார்ந்து செய்தேன். பழுது மேசை அண்ணா சொன்னது அப்படியே சரி. அம்மா காபி போட்டுக்கொண்டிருக்கும்போதே ஒரு விளம்பரம் வந்தது, ரீசன்ட்ஸ் அமுக்கினேன், தலையில் துடைப்பம் மாதிரி ஒரு ஐகான். க்ளீனர் ஆப். டிஸ்ப்ளே ஓவர் அதர் ஆப்ஸில் அதற்கும் இன்னொரு டார்ச் ஆப்புக்கும் அனுமதி இருந்தது. டார்ச் உடனே போய்விட்டது, க்ளீனருக்குத்தான் அன்இன்ஸ்டால் மங்கலாக இருந்தது, டிவைஸ் அட்மினில் டிக்கை எடுத்த பிறகு அதுவும் போனது. க்ரோமில் ஏழு தளங்களுக்கு அலோ கொடுத்திருந்தார், எல்லாவற்றையும் எடுத்துவிட்டேன். மதியம் முழுக்கப் போனை மேசையில் வைத்துப் பார்த்தோம், ஒன்றும் வரவில்லை. அப்பா படங்கள் அனைத்தையும் ஒரு பென் டிரைவிலும் ஏற்றிவிட்டேன்.

155223க்கு அழைத்தோம், ஏதோ ஜோதிடச் சேவை தினம் 5 ரூபாய் எடுத்திருக்கிறது. நிறுத்திவிட்டார்கள், பணம் பற்றிப் பார்த்துச் சொல்கிறோம் என்றார்கள்.

பிரைவேட் டிஎன்எஸ்ஸும் போட்டேன், கேமுக்குள்ளும் நின்றுவிட்டது. இன்று காலை அம்மா போன் செய்தார், குரலில் வருத்தம். சொல் கிடைக்காமல் மாட்டிக்கொண்டால் ஒரு வீடியோ பார்த்து முதல் எழுத்தைத் தெரிந்துகொள்வாராம், இப்போது அதை அமுக்கினால் வீடியோ இல்லை என்று வருகிறதாம். 431ஆம் நிலையில் நிற்கிறார். என்ன செய்வது?

லாஸ்பேட்டை:

டிஎன்எஸ்தான் அதையும் அடைத்திருக்கிறது. அதற்கு நமக்கு வேண்டிய விளம்பரம், வேண்டாத விளம்பரம் என்று பிரிக்கத் தெரியாது. அதைச் சொல்லாமல் விட்டது என் பிழை, மன்னியுங்கள்.

சின்ன கேம் பட்டறை:

டிஎன்எஸ்ஸை அணைத்துவிட்டு விளம்பர நீக்கத்தை வாங்குங்கள். பொதுவாக அது நடுவில் வலிய வருவதையும் கீழே ஓடும் பட்டையையும்தான் நீக்கும், குறிப்புக்காகப் பார்க்கும் வீடியோ அப்படியே இருக்கும். கட்டுவதற்கு முன் அந்தக் கேமில் எப்படி என்று விவரத்தை வாசித்துப் பாருங்கள்.

கெடிலக்கரை:

வாசித்தேன், அப்படித்தான் போட்டிருந்தது. 149 ரூபாய், அடுத்த ஞாயிறு வரை காத்திருக்க மனம் வரவில்லை. பக்கத்து வீட்டு அக்கா அம்மா பக்கத்தில் உட்கார்ந்து டிஎன்எஸ்ஸை அணைத்தார், பிறகு நான் போனில் சொல்லச் சொல்ல அம்மாவே யூபிஐயில் கட்டினார்.

சாயங்காலம் கூப்பிட்டார். 431இல் மாட்டிய சொல் "கழிமுகம்". வீடியோ ஓடும் நேரத்தில் போய்ப் பாலை இறக்கி வைத்துவிட்டு வந்தாராம், வந்து பார்த்தால் முதல் எழுத்து தயாராக இருந்ததாம். பெண்ணையாறு கடலில் சேரும் இடத்தை அப்படித்தானே சொல்வார்கள், உனக்குத் தெரியுமா என்று கேட்டார்.

அனைவருக்கும் மனமார்ந்த நன்றி. ஜோதிடக் காசு திரும்ப வந்தால் இங்கேயே எழுதுகிறேன்.